கோடையில் எலும்பும் தோலுமாக வரும் புள்ளிமான்களுக்கு ஏதாவது தின்ன வைக்கலாமா?

சீகூர்க்கரை (மார்ச் 11)

வணக்கம். மசினகுடியில் ஊர் முடிகிற இடத்தில் எங்கள் வீடு. நானும் கணவரும் அப்பாவும் ஈரோட்டிலிருந்து இங்கே வந்து நாலு வருடம் ஆகிறது, காடு பற்றி எனக்குத் தெரிந்தது கொஞ்சம்தான், அதனால் தப்பாக எழுதினால் திருத்துங்கள்.

வீட்டுக்குப் பின்னால் வேலி போடாத காலி நிலம் ஒன்று இருக்கிறது. பொழுது சாய்ந்ததும் முப்பது முப்பத்தைந்து புள்ளிமான்கள் அங்கே வந்து படுக்கும், விடியும் நேரத்தில் எழுந்து காட்டுப் பக்கம் போய்விடும். ஐப்பசி கார்த்திகையில் அவற்றைப் பார்த்தால் உடம்பெல்லாம் மினுமினுவென்று இருக்கும். இப்போது விலா எலும்பை எண்ணிவிடலாம், இடுப்பெலும்பு துருத்திக்கொண்டு நிற்கிறது. நிலத்தில் ஒரு புல் கிடையாது, வெறும் பொடிமண், சருகைத்தான் பொறுக்கித் தின்கின்றன. நாலு நாளைக்கு முன்னால் ஒரு பெட்டை மான் கீழே கிடந்த பழைய கொம்பு ஒன்றை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டே இருந்தது. பசி தாங்காமல் எலும்பைத் தின்கிறது என்று அப்பா அன்று இரவு சாப்பிடவே இல்லை.

மறுநாளிலிருந்து மிச்சச் சோறு, அரிசித் தவிடு, காய்கறித் தோல் எல்லாவற்றையும் நிலத்தின் ஓரத்தில் கொண்டுபோய் வைக்கிறார். முதல் நாள் எதுவும் நெருங்கவில்லை. நேற்று ஐந்தாறு மான்கள் வந்து தின்றன. இப்போது மாட்டுத் தீவனம் ஒரு மூட்டை வாங்கி வரலாம் என்கிறார், எனக்கு மனசு வேண்டாம் என்கிறது, ஆனால் ஏன் வேண்டாம் என்று அவருக்குச் சொல்லத் தெரியவில்லை. இவை நோயால் மெலிந்திருக்கின்றனவா, பட்டினியாலா? தீவனம் வைக்கலாமா? தண்ணீர்த் தொட்டி ஒன்றாவது கட்டலாமா?

இன்னொன்றும் கேட்க வேண்டும். இன்று காலையில் உண்ணிச்செடி (லண்டானா) புதருக்குக் கீழே ஒரு குட்டி தனியாகச் சுருண்டு கிடந்தது, பக்கத்தில் தாய் இல்லை. பக்கத்து வீட்டு அக்கா தூக்கி வந்து பசும்பால் கொடுக்கலாம் என்கிறார். இதுவரை யாரும் தொடவில்லை, அவசரம் என்பதால்தான் இப்போதே கேட்கிறேன்.


கொங்கு மாட்டு வைத்தியர் (மார்ச் 11)

அம்மிணி, குட்டியைத் தொடாதீங்க, யாரையும் தொட விடாதீங்க, நாய் இருந்தால் கட்டிப் போடுங்க. சோற்றையும் தவிட்டையும் இன்றைக்கே நிறுத்தச் சொல்லுங்க. மற்றதை அப்புறம் நிதானமாகப் படிக்கலாம்.

முதலில் குட்டி. மான் குட்டி பிறந்த முதல் சில நாள் தாயோடு ஓட முடியாது. தாய் அதைப் புதரில் படுக்க வைத்துவிட்டு மேய்ந்துவிட்டு வரும், வந்து பால் கொடுத்துவிட்டு மறுபடியும் போய்விடும். குட்டி அசையாமல் கிடப்பதுதான் அதற்குப் பாதுகாப்பு. நீங்கள் பக்கத்தில் நின்று காவல் காத்தால் தாய் வராது, எனவே வீட்டுக்குள் போய் ஜன்னல் வழியாகப் பாருங்க. ஒரு முழு நாள் போயும் தாய் வராமல் குட்டி விடாமல் கத்தினாலோ, காயம் தெரிந்தாலோ வனத்துறையைக் கூப்பிடுங்க. பசும்பால் மட்டும் வேண்டவே வேண்டாம், மான் பால் அதைவிடக் கெட்டியானது, பசும்பால் கொடுத்துக் கழிச்சல் கண்டு செத்த குட்டிகளை என் கையாலேயே தூக்கியிருக்கிறேன்.

இப்போது சோறு. முப்பது வருடம் ஆடு மாட்டுக்கு வைத்தியம் பார்த்தவன் நான். ஒவ்வொரு தை மாதமும் மாட்டுப் பொங்கலுக்கு மறுநாள் காலையில் என் வாசலில் ஆள் நிற்கும். ஆசையோடு ஒரு குண்டான் பொங்கலை ஊட்டியிருப்பார்கள், விடிந்து பார்த்தால் மாடு எழுந்திருக்காது, வயிறு உப்பிக் கிடக்கும், பல்லை நறநறவென்று கடிக்கும். கல்யாண மண்டபத்துக்குப் பின்னால் கொட்டிய சோற்றைத் தின்ற ஆடுகளுக்கும் இதே கதிதான். அசை போடுகிற விலங்கு புல்லையும் தழையையும் தானாகச் செரிப்பதில்லை, அதன் முதல் வயிற்றில் கோடிக்கணக்கான நுண்ணுயிர்கள் இருந்து செரித்துக் கொடுக்கின்றன. அங்கே திடீரென்று மாவுச்சத்து விழுந்தால் வேறு வகை நுண்ணுயிர்கள் மளமளவென்று பெருகி லாக்டிக் அமிலத்தைக் கக்குகின்றன, வயிறு புளித்துப்போகிறது, புல்லைச் செரிக்கிறவை செத்துவிடுகின்றன, உடம்பில் இருக்கிற தண்ணீரெல்லாம் வயிற்றுக்குள் இறங்குகிறது, அந்தப் புளிப்பு இரத்தத்துக்கும் போய்விடுகிறது. ஒன்றிரண்டு நாளில் முடிந்துவிடும். வீட்டு மாடு என்றால் சோடா உப்புக் கரைத்து ஊற்றலாம், குளுக்கோஸ் ஏற்றலாம். காட்டு மானுக்கு யார் ஊற்றுவது? துரத்திப் பிடித்தாலே அந்தப் பயத்திலும் ஓட்டத்திலும் தசை சிதைந்து மான் செத்துப்போகும், பிடித்த அன்றும் நடக்கும், சில நாள் கழித்தும் நடக்கும்.

பண்ணையில் ஒரு தீவனத்திலிருந்து இன்னொன்றுக்கு மாற்ற நாங்கள் இரண்டு மூன்று வாரம் எடுத்துக்கொள்கிறோம், கைப்பிடி கைப்பிடியாகக் கூட்டுவோம். மழைக்காலத்து மானைவிட இப்போது வருகிற மானுக்குச் சோறு இன்னும் ஆபத்து, ஏனென்றால் அதன் வயிறு முழுக்கக் காய்ந்த தழைக்குப் பழகிக் கிடக்கிறது. அதிலும் கூட்டத்தில் வலுத்ததுதான் முந்திக்கொண்டு அதிகம் தின்னும்.

நோயா என்று கேட்டீங்க. வாயில் நுரை வழிகிறதா, நொண்டுகிறதா, குளம்பு நடுவில் புண் தெரிகிறதா, கூட்டத்தை விட்டுத் தனியாக நின்று ஆளைப் பார்த்தும் ஓடாமல் இருக்கிறதா என்று பாருங்க. முதல் மூன்றும் கோமாரியாக இருக்கலாம், உடனே சொல்ல வேண்டும். கூட்டமாக வந்து, காதை ஆட்டி, சத்தம் கேட்டால் துள்ளி ஓடுகிற மான் மெலிந்திருக்கிறது என்றால் அது கோடை மெலிவு. அவ்வளவுதான்.


பழைய தீக்காவலன் (மார்ச் 12)

டாக்டர் சொன்னது அத்தனையும் சரி. நான் சீகூர்ப் பக்கம் பிறந்து வளர்ந்தவன், பல வருடம் கோடையில் தீத்தடுப்பு வேலை பார்த்தேன், ஆராய்ச்சி செய்ய வருகிறவர்களோடும் நடந்திருக்கிறேன். மான் ஒரு வருடத்தை எப்படிக் கழிக்கிறது என்று உங்கள் அப்பாவுக்குச் சொன்னால் அவர் மனசு கொஞ்சம் ஆறும் என்று நினைக்கிறேன், அதனால் நீளமாகவே எழுதுகிறேன்.

நம் காட்டுக்கு இரண்டு முகம் இருக்கிறது. முதுமலையின் மேற்கே தொரப்பள்ளி, கார்குடிப் பக்கம் ஆனி ஆடியில் கொட்டித் தீர்க்கும், அங்கே புல் ஆள் உயரத்துக்கு வளரும். கிழக்கே மசினகுடி, மாயாறு, சீகூர் எல்லாம் மழை மறைவு, மலை தடுத்தது போக மிச்சம்தான் நமக்கு, அப்புறம் ஐப்பசி கார்த்திகையில் வருகிற வடகிழக்கு மழை. புள்ளிமானுக்கு உயரமான புல் பிடிக்காது, முற்றினால் தின்னவும் முடியாது, உள்ளே புலி படுத்திருந்தாலும் தெரியாது. குட்டையான இளம் புல்தான் அதற்கு வேண்டும். அதனால்தான் மழை பெய்து தரை பச்சை பிடித்ததும் சாலையோரம், திறந்த வெளி, பழைய விளைநிலம் என்று ஐம்பது அறுபதாகச் சேர்ந்து நிற்கும். கோடையில் அதே கூட்டம் ஐந்தும் பத்துமாகப் பிரிந்துவிடும், ஒரே இடத்தில் அத்தனை வாய்க்கும் இரை கிடையாதே. உங்கள் நிலத்தில் இரவில் முப்பது படுக்கிறது என்றால் பகலில் அவை முப்பதாக மேய்கின்றன என்று அர்த்தம் இல்லை. காலையில் பின்னாலேயே போய்ப் பார்த்தால் ஒவ்வொரு பள்ளத்துக்கும் நாலைந்தாகக் கலைந்துவிடும்.

தை மாசி பங்குனியில் புல் போனதும் மான் தரையைப் பார்ப்பதை விட்டு மரத்தைப் பார்க்கும். மார்கழி தையில் நெல்லிக்காய் இருக்கும். மான் நெல்லியை முழுசாக விழுங்கிவிட்டு, அப்புறம் நிழலில் படுத்து அசை போடும்போது கொட்டையை மட்டும் வெளியே துப்பும். அதனால்தான் மான் படுக்கிற இடமெல்லாம் நெல்லிக்கொட்டை கிடக்கும், காட்டில் நெல்லி முளைப்பதற்கு மான் பெரிய காரணம். மாசியில் முள்ளிலவம் பூத்துக் கொட்டும், சதைப்பற்றான பூ, விழுந்த சத்தம் கேட்டு ஓடி வருகிற மானை நான் பார்த்திருக்கிறேன். மந்தி இருக்கிற மரத்துக்குக் கீழே எப்போதும் மான் நிற்பதைக் கவனித்திருப்பீர்கள், கறுப்பு முகமும் நீள வாலுமாக இருக்குமே, அது. மந்தி பாதி தின்று பாதி உதறும். கொழுந்தும் பழமும் பூவுமாக மானுக்கு எட்டாத உயரத்தில் இருப்பது கீழே வரும். சிறுத்தை வந்தால் மேலே இருப்பது முதலில் பார்த்துக் கத்தும், புதர் வழியாக வாசம் வந்தால் கீழே இருப்பது முதலில் கூவும். கோடையில் இந்தச் சேர்க்கை இன்னும் கூடும்.

கொம்பு கடித்த மானுக்கு வருவோம். அது பசியால் செய்வது இல்லை. புள்ளிமானின் கொம்பு வருடம் ஒரு முறை விழுந்து மறுபடி முளைக்கும், எல்லா ஆண் மானுக்கும் ஒரே நாளில் விழாது, ஆளுக்கொரு காலம். விழுந்த கொம்பில் சுண்ணாம்புச் சத்தும் பாஸ்பரசும் இருக்கின்றன, காய்ந்த சருகில் அவை போதாது. மானும் கடிக்கும், முள்ளம்பன்றியும் கடிக்கும். குட்டி போட்டுப் பால் கொடுக்கிற தாய்க்கு அந்தச் சத்து அதிகம் தேவை. குட்டி வருடம் முழுக்கப் பிறக்கும் என்றாலும் தை மாசியில்தான் நான் நிறையப் பார்த்திருக்கிறேன், அப்படியானால் உங்கள் நிலத்துக்கு வருகிற பெட்டை மான்களில் பாதி இப்போது பால் கொடுக்கிறவையாக இருக்கும், அதனால்தான் அவ்வளவு மெலிவு. கொடுமையான காலத்தில் ஏன் குட்டி போடுகிறது என்று நானும் யோசித்ததுண்டு. கணக்கு என்னவென்றால், குட்டி பாலை விட்டுப் புல்லுக்கு வருகிற சமயத்தில் மழை இறங்கிவிடுகிறது, வைகாசியிலிருந்து இளம் புல் அதன் வாய் உயரத்தில் நிற்கும். தாய் இப்போது இளைக்கிறது, பிள்ளை அப்போது கொழுக்கிறது. இந்த மெலிவில் கிழடும் நோஞ்சானும் சில செத்துத்தான் போகும், அதை மறைத்துச் சொல்ல மாட்டேன். அதைத் தின்றுதான் கழுகும் நரியும் கழுதைப்புலியும் பிழைக்கின்றன.

ஊருக்குள் வந்து படுப்பதற்கும் பசிதான் காரணம் என்று நினைக்காதீர்கள். செந்நாய் ஆள் நடமாட்டத்துக்குக் கூசும், புலியும் அப்படித்தான். 1970களில் பந்திப்பூரில் செந்நாய்களின் பின்னாலேயே நடந்து ஆராய்ந்த ஜான்சிங் ஐயா, நாங்குநேரிக்காரர், அவை பெரும்பாலும் புள்ளிமானைத்தான் அடிக்கின்றன என்று எழுதி வைத்திருக்கிறார். இலை உதிர்ந்த காட்டில் ஒளிய இடம் இல்லாத மான் உங்கள் வீட்டு விளக்கு வெளிச்சத்தைத் தேடி வருகிறது. சிறுத்தை மட்டும் வரும், அதற்கு வீட்டுச் சுவர் ஒரு பொருட்டே கிடையாது.

தீயைப் பற்றி ஒரு வார்த்தை. எரிந்த இடத்தில் பத்துப் பதினைந்து நாளில் பச்சை துளிர்க்கும், மான் அங்கே கூடும், அதைப் பார்த்துவிட்டுத் தீ வைத்தால் மானுக்கு நல்லது என்று சிலர் சொல்வார்கள். உண்ணிச்செடி அடர்ந்த காட்டில் தீ பிடித்தால் அது புல்தீ மாதிரி தரையோடு போகாது, மரத்தின் நெஞ்சு வரைக்கும் ஏறும், புதரில் படுத்திருக்கிற குட்டி வெந்துவிடும். வெந்த குட்டிகளைப் பார்த்தவன் சொல்கிறேன். அப்புறம் அந்த இடத்தில் புல்லுக்கு முந்திக்கொண்டு உண்ணிச்செடியே திரும்ப வரும்.


கருணைமலை (மார்ச் 12)

எல்லாரும் அறிவியல் சொல்கிறீர்கள், சரி. ஆனால் கண் முன்னால் ஓர் உயிர் பட்டினி கிடக்கும்போது கையைக் கட்டிக்கொண்டு ஜன்னல் வழியாகப் பார்ப்பது எப்படி என்று எனக்குப் புரியவில்லை. வனத்துறையே கோடையில் லாரியில் தண்ணீர் கொண்டுபோய்த் தொட்டியில் ஊற்றுகிறது, அது மனிதர் செய்கிற உதவிதானே? தண்ணீர் கொடுக்கலாம், தீவனம் கூடாது என்றால் கோடு எங்கே இருக்கிறது? சோறு கெடுதல் என்றால் பச்சைப் புல் வாங்கிப் போடலாமே. காட்டில் மேய இடத்தை நாம் சுருக்கிவிட்டோம், சாலை போட்டோம், விடுதி கட்டினோம், அப்புறம் பசித்து வந்தால் இயற்கை பார்த்துக்கொள்ளும் என்கிறோம். அந்த அப்பாவின் மனசு எனக்குப் புரிகிறது.


பழைய தீக்காவலன் (மார்ச் 13)

உங்கள் கேள்வி நியாயமானது, நான் அதைத் தள்ளவில்லை. அந்த அப்பாவின் மனசு எனக்கும் புரிகிறது.

தண்ணீர் ஊற்றினால் மானின் வயிறு மாறாது, அது ஒன்று. புள்ளிமான் கோடையில் தினமும் தண்ணீர் குடித்தாக வேண்டும். ஆனால் தண்ணீரிலும் கோடு இருக்கிறது. காட்டுக்குள் ஒன்றுக்கொன்று தள்ளி வைத்த தொட்டி வேறு, வீட்டுக்குப் பின்னால் கட்டுகிற தொட்டி வேறு. வீட்டுத் தொட்டிக்கு மான் வந்தால் அதன் பின்னால் சிறுத்தை வரும், யானையும் வரும். மசினகுடிக்கு மரவகண்டி அணை பக்கத்திலேயே இருக்கிறது, மின் நிலையத்துக்குப் போகிற தண்ணீர் என்பதால் கோடையிலும் கிடக்கும், மான்கள் அங்கே போய்க் குடித்துவிட்டு வருகின்றன. அதனால் தொட்டி வேண்டாம் அம்மிணி. தண்ணீர் இல்லாத பக்கம் ஏதாவது தெரிந்தால் வனத்துறையிடம் சொல்லுங்கள், அங்கே ஊற்றட்டும்.

தவிடு, சோறு, உப்பு இந்த மூன்றின் வாசமும் யானைக்கு எவ்வளவு தூரத்திலிருந்து தெரியும் என்பது இந்தப் பக்கம் சமையலறைச் சுவரை இழந்தவர்களைக் கேட்டால் தெரியும். காட்டுப்பன்றியும் கரடியும் அடுத்து வரும். நாளைக்கு ஏதாவது ஒன்று ஆகிவிட்டால் அந்த யானையைத்தான் பிடித்து வேறு எங்காவது கொண்டு போவார்கள்.

பச்சைப் புல் வாங்கிப் போட்டால்? முப்பது மானுக்கு எத்தனை நாள் போடுவீர்கள்? போட்ட இடத்தில் கூட்டம் கூடும், எச்சில் கலக்கும், மாட்டிலிருந்து வருகிற நோய் ஒன்று வந்தால் அத்தனைக்கும் பரவும். 1968ல் வெக்கை நோய் என்கிற மாட்டுக் கொள்ளைநோய் வந்து முதுமலை, பந்திப்பூர்க் காட்டெருமைகள் கும்பல் கும்பலாகச் செத்ததை எங்கள் பெரியவர்கள் இன்னும் சொல்வார்கள்.

மேய்ச்சலைச் சுருக்கிவிட்டோம் என்று சொன்னீர்களே, அதுதான் உண்மையான இடம், அங்கேயே நில்லுங்கள். சீகூர்க் காட்டில் பல காலமாகப் பட்டி மாடு ஆயிரக்கணக்கில் மேய்ந்தது, பாலுக்காக இல்லை, சாணிக்காக. சாணி லாரி லாரியாகத் தோட்டங்களுக்கும் கேரளத்துக்கும் போனது. அந்த மாட்டை நம்பி வாழ்ந்த குடும்பங்களும் ஏழைகள்தான், அவர்களைக் குற்றம் சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் காட்டின் சத்து சாணியாக மலை இறங்கிப் போய்விட்டது, தின்று தீர்த்த தரையில் உண்ணிச்செடியும் பார்த்தீனியமும் ஏறிவிட்டன. மானுக்குப் பங்குனியில் ஒரு கட்டுப் புல் போடுவதற்கு நீங்கள் படுகிற பாட்டை ஆவணியில் ஒரு புதர் உண்ணிச்செடியைத் தோண்டிப் போடுவதற்குப் படுங்கள், அந்த இடத்தில் தானாகப் புல் வரும்.


ஒன்டாரியோ மதுரைக்காரன் (மார்ச் 13)

இங்கே கனடாவில் காலம் தலைகீழ், எங்களுக்கு மார்ச் மாதம் கோடைக்குப் பதிலாகப் பனி, ஆனால் கேள்வி அப்படியே இதுதான். எங்கள் ஊர் வெள்ளைவால் மான்கள் இலையுதிர் காலத்தில் கொழுப்பைச் சேர்த்து வைத்துக்கொள்ளும், குளிருக்கென்று தடித்த முடி வளரும், ஒவ்வொரு முடியும் உள்ளே காலியாக இருப்பதால் சூட்டை விடாது. பனி இறங்கியதும் அவை குறைவாகத் தின்று, குறைவாக நடந்து, செடார் மாதிரி ஊசியிலை மரங்கள் நெருங்கிய இடத்தில் ஒன்றாகக் கூடிவிடும். அங்கே பனி குறைவாக விழும், பல மான்கள் நடந்து நடந்து பாதையும் மிதிபட்டிருக்கும். உடம்பில் ஐந்தில் ஒரு பங்கு எடை குறைந்துதான் வசந்தத்துக்கு வந்து சேரும், அது அவற்றுக்குச் சாதாரணம்.

நான் இங்கே வந்த இரண்டாவது வருடம், பக்கத்துத் தெருவில் இருந்தவர் பிப்ரவரியில் மூட்டை மூட்டையாக மக்காச்சோளம் கொட்டினார். நல்ல மனிதர். நானும் மகளைக் கூட்டிக்கொண்டு போய் வேடிக்கை பார்த்தேன், மகள் கையால் ஒரு வாளி கொட்டவும் செய்தாள். இரண்டு வாரத்தில் மரத்தடியில் மூன்று மான்கள் செத்துக் கிடந்தன, வயிறு நிறையச் சோளத்தோடு. பட்டினியாக இருந்த மான் வயிறு நிறைந்து செத்தது என்பதை மகளுக்குப் புரியவைக்க என்னால் முடியவில்லை, எனக்கே அன்றுதான் தெரியும். டாக்டர் மேலே எழுதியதைப் படித்தபோது அந்தக் காட்சி அப்படியே வந்து நின்றது. இன்னொரு பயமும் இங்கே உண்டு. 1967ல் கொலராடோவில் முதலில் கவனித்த, உடம்பை உருக்குகிற நோய் ஒன்று, மூளையை அரித்து மானை எலும்பாக்கிக் கொல்லும், மருந்து கிடையாது. எச்சில், சாணம் வழியாகப் பரவும், மண்ணில் வருடக்கணக்கில் கிடக்கும், அதனால் பல மாநிலங்களில் மானுக்குத் தீவனம் கொட்டுவதையே தடை செய்திருக்கிறார்கள்.

அப்பாவிடம் இதைச் சொல்லுங்கள் அக்கா. அவர் வருத்தப்படுவார், பரவாயில்லை.


அடையாற்று ஆலமரம் (மார்ச் 14)

சென்னையிலிருந்து ஒரு விஷயம் மட்டும். மான்கள் சுற்றித் திரிகிற ஒரு கல்வி வளாகத்தில் நான் சில வருடம் இருந்தேன். அங்கே செத்த புள்ளிமான்களை அறுத்துப் பார்த்தபோது வயிற்றில் பாலிதீன் பை உருண்டையாகத் திரண்டிருந்தது, ஒரு தடவை நானே பக்கத்தில் நின்று பார்த்தேன், பொட்டலம் கட்டிய சணல்கூட அப்படியே இருந்தது. உப்பும் எண்ணெயும் பட்ட பையை மான் நக்கித் தின்றுவிடும். அப்பா காய்கறித் தோலை எதில் கொண்டுபோய்க் கொட்டினார் என்று பாருங்கள், ஒரு பை அங்கே கிடந்தாலும் எடுத்துவிடுங்கள்.

நாய் விஷயத்தில் டாக்டர் சொன்னதை இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும். அந்த வளாகத்தில் மானைக் கொன்றது பெரும்பாலும் நாய்க் கூட்டம்தான், அதுவும் குட்டியையும் சினை மானையும். உங்கள் ஊரில் வீட்டுக்கு வீடு நாய் இருக்கும், ராத்திரியில் அவிழ்த்துவிடுகிற பழக்கம் இருந்தால் அக்கம்பக்கத்தில் பேசிப் பாருங்கள். இரவில் வண்டி ஓட்டுகிற சொந்தக்காரர்களிடமும். பந்திப்பூர்ச் சாலையை 2009லிருந்து இரவு 9 மணிக்கு மூடிவிடுகிறார்கள், ஊருக்குள் இருக்கிற சாலையில் அந்தக் கட்டுப்பாடு இல்லை, மான் விளக்கு வெளிச்சத்தில் உறைந்து நின்றுவிடும், ஒன்று தாண்டினால் பின்னால் நாலு வரும்.


சீகூர்க்கரை (மார்ச் 16)

எல்லாருக்கும் நன்றி. வரிசையாகச் சொல்கிறேன்.

குட்டியின் தாய் வந்துவிட்டது. அன்று மாலை ஐந்தரை மணிக்கு, நாங்கள் ஜன்னலை மூடி இடுக்கு வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தபோது, ரொம்ப நேரம் தூரத்தில் நின்று காலைத் தரையில் தட்டித் தட்டிப் பார்த்துவிட்டு மெதுவாக வந்தது. குட்டி எழுந்து நின்று முட்டி முட்டிக் குடித்தது. பக்கத்து வீட்டு அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். மறுநாள் குட்டி அந்தப் புதரில் இல்லை, வேறு இடத்துக்கு மாற்றியிருக்கும் என்று நினைக்கிறேன்.

அப்பாவுக்கு டாக்டர் எழுதியதை அப்படியே படித்துக் காட்டினேன். மாட்டுப் பொங்கல் வரி வந்ததும் நிறுத்தச் சொன்னார். எங்கள் பாட்டி வீட்டில் ஒரு காங்கேயம் காளை அப்படித்தான் போயிற்று, காரணம் தெரியாமல் கண் பட்டுவிட்டது என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள், அவருக்கு அப்போது பன்னிரண்டு வயது. மண்வெட்டியை எடுத்துப்போய் மிச்சம் கிடந்த சோற்றையும் தவிட்டையும் ஆழமாகக் குழி வெட்டிப் புதைத்துவிட்டார். தோல் கொட்டிய இடத்தில் இரண்டு பாலிதீன் பை இருந்தது, எடுத்தாயிற்று. சோறு தின்ற ஐந்தாறு மான்கள் என்ன ஆயின என்று தெரியவில்லை. கூட்டத்தை எண்ணினேன், முப்பத்துமூன்று வந்தன, ஆனால் முன்னால் எத்தனை என்று நான் சரியாக எண்ணி வைக்கவில்லை. அது மனசில் கிடக்கிறது.

தீக்காவலன் அண்ணாவிடம் ஒரு கேள்வி. பின்னால் இருக்கிற நிலத்தில் பாதிக்கு மேல் பார்த்தீனியம், ஓரமெல்லாம் உண்ணிச்செடி. நில உரிமையாளரிடம் பேசினேன், சுத்தம் செய்துகொள்ளுங்கள் என்கிறார். அப்பா நாளைக்கே இறங்குகிறேன் என்கிறார். இப்போது செய்யலாமா, மழைக்குக் காத்திருக்க வேண்டுமா?


பழைய தீக்காவலன் (மார்ச் 16)

உண்ணிச்செடியை இப்போது தொடாதீர்கள். தரை இறுகிக் கிடக்கிறது, வெட்டினால் வேர் உள்ளே நின்றுவிடும், வெட்டிய இடத்திலிருந்து நாலு கிளை வரும். அதோடு அந்தப் புதர்தான் இப்போது குட்டிகளுக்கு மறைப்பு. குட்டிகள் தாயோடு நடக்கத் தொடங்கட்டும், இரண்டு மழை விழுந்து மண் இளகட்டும், அப்போது வேரின் தலைப்பகுதியை மண்ணுக்குக் கீழே வெட்டி, செடியைத் தலைகீழாகக் கவிழ்த்துக் காய விடுங்கள். எரிக்க வேண்டாம். ஒரே வருடத்தில் எல்லாவற்றையும் எடுக்கவும் வேண்டாம், வீட்டுப் பக்கமிருந்து தொடங்கிக் கொஞ்சம் கொஞ்சமாகப் போங்கள், அடுத்த இரண்டு மழைக்காலமும் குருவி எச்சத்தில் முளைக்கிற கன்றுகளைப் பிடுங்கிக்கொண்டே இருக்க வேண்டும்.

பார்த்தீனியம் மழைக்கு அப்புறம் முளைத்து வரும்போது, வெள்ளைப் பூ வைப்பதற்கு முன்னால், வேரோடு. அப்பா கையில் உறை போட்டுக்கொள்ளட்டும், முழுக்கைச் சட்டை போடட்டும், மூக்கில் துண்டு கட்டட்டும், அந்தச் செடி தோலில் பட்டால் அரிப்பு மாதக்கணக்கில் விடாது, மூச்சிரைப்பு இருந்தால் அவர் இறங்கவே வேண்டாம்.

எப்போது போனாலும் விடிந்து வெயில் ஏறிய பிறகு, மான்கள் எழுந்து போன பிறகு போங்கள். புதருக்குள் கை விடுவதற்கு முன்னால் ஒரு நீளக் குச்சியால் தட்டிப் பாருங்கள். கூட்டத்தை இன்றிலிருந்து எண்ணி ஒரு நோட்டில் எழுதி வையுங்கள், ஆண், பெட்டை, குட்டி என்று தனித்தனியாக. ஆனி மாதம் நான் அந்தப் பக்கம் வருவேன், நோட்டைப் பார்க்கிறேன்.